ஜிரையா: 1921ஆம் ஆண்டின் மௌனப் படம் பற்றி ஒரு கேள்வி

உப்புவெளி வாசகர்:
வணக்கம். திருகோணமலையில் எங்கள் வாசகர் வட்டத்துப் பிள்ளைகளுக்கு மாதம் ஒரு பழைய படம் காட்டி வருகிறோம். ‘நருட்டோ’ என்ற ஜப்பானியக் கார்ட்டூன் தொடரைப் பார்க்கும் பிள்ளைகளுக்கு ஜிரையாவைத் தெரியும். அதே பெயருடைய கள்வனைப் பற்றி 1921இல் எடுக்கப்பட்ட ஜப்பானிய மௌனப் படத்தை நேற்றுப் பார்த்தேன். தேரையின் மாய வித்தை கற்ற இவன் உண்மையில் வாழ்ந்தவனா? படம் முழுவதும் மேடை நாடகம் போலவே இருப்பது ஏன்?

கடற்கரைத் தெருவான்:
வாழ்ந்தவன் அல்லன், ஐயா. களவெடுத்த வீட்டுச் சுவரில் ‘நானே வந்தேன்’ என்று எழுதிவிட்டுப் போகும் கள்வனைப் பற்றிய சீனக் கதையொன்றைத் தழுவி, 1806இல் ஜப்பானில் ஒரு நாவல் வந்தது. ஜிரையா என்ற பெயருக்கும் ‘நானே வந்தேன்’ என்றே பொருள். 1839இல் தொடங்கி ஏறத்தாழ முப்பது ஆண்டுகள் பாகம் பாகமாக வந்த சித்திரக் கதைநூல்தான், பாம்பு வித்தைக்காரன் ஒரோச்சிமாருவையும் ஓடில்லா நத்தையின் வித்தையறிந்த த்சுனாதேயையும் நிலைநிறுத்தியது. பாம்புக்குத் தேரை அஞ்சும், தேரைக்கு நத்தை அஞ்சும், நத்தைக்குப் பாம்பு அஞ்சும் என்பது அங்குள்ள பழைய நம்பிக்கை. 1852இல் இக்கதை கபுகி என்ற ஜப்பானிய மரபு நாடகமாக மேடையேறியது.

மேடை வாடைக்குக் காரணமும் இதுதான். இயக்குநர் மகினோ ஷோசோ கியோத்தோவில் நாடக அரங்கு நடத்தியவர்; கதாநாயகர் ஓனோவே மட்சுனொசுகே ஊர் ஊராகச் சென்று நடித்த கபுகிக் கலைஞர். விழியை உருட்டி முறைப்பதால் ‘கண்முழி மட்சான்’ என்று மக்கள் இவரை அழைத்தார்கள் (நம்முடைய மச்சான் அல்ல). பெண் வேடத்தையும், நம் கூத்தில் போலவே, ஆண்களே கட்டினார்கள்.

ஆனால் மேடையில் செய்ய முடியாத ஒன்று இதில் உண்டு. மற்றவர்கள் அசையாது நிற்க, கமராவை நிறுத்தி, ஜிரையாவை வெளியேற்றிவிட்டு மீண்டும் சுழற்றினால், அவன் கணத்தில் மறைந்துவிடுவான். அந்த நொடியில் சுற்றி நிற்பவர்களின் கைகளைக் கவனியுங்கள். சிறிது துள்ளினால் வெட்டு அங்கேதான். பெருந்தேரையோ, உடை மாட்டிய மனிதர்தான்.

நிலாவெளி அக்கா:
தம்பி, வெறும் இசையோடு ஓட்டிவிடாதீர்கள். ஜப்பானில் திரையருகே நின்று எல்லாப் பாத்திரங்களுக்கும் குரல் கொடுத்த பென்ஷி கலைஞர்களுக்கென்றே கூட்டம் சேர்ந்தது. கூத்துப் பழக்கும் யாராவது ஓர் அண்ணாவியாரிடம் கேட்டுப் பாருங்கள்.

உப்புவெளி வாசகர்:
நல்ல யோசனை, அக்கா. எஞ்சியிருப்பது ஏறத்தாழ இருபது நிமிடப் படம்தான். முதலில் சத்தமின்றியும் பிறகு அண்ணாவியார் குரலோடும் இரு முறை ஓட்டிவிடலாம்.