கோமாட்டியைட்னு எதை சொல்லலாம், எதை சொல்லக்கூடாது?

கூழாங்கல்:
வணக்கம் மக்களே. எம்எஸ்சி ஜியாலஜி முதல் வருஷம் படிக்கிறேன். இக்னியஸ் பெட்ராலஜியில (உருகின குழம்பு ஆறி உண்டான பாறைகளைப் பத்தின பாடம்) கோமாட்டியைட்ங்கிற பாறையோட பேர்கிட்ட வந்து நின்னுட்டேன். ஒரு நோட்ஸ்ல மெக்னீசியம் ஆக்சைடு 18 சதவீதத்துக்கு மேல இருந்தா கோமாட்டியைட்னு ஒரே வரியில முடிச்சிருக்கு. சீனியர் அக்கா ஒருத்தங்க ஸ்பினிஃபெக்ஸ் டெக்ஸ்சர் (புல் மாதிரி நீள நீளமா படிகம் வளர்ந்த அமைப்பு) பாக்காம அந்தப் பேரையே எடுக்காதேங்கிறாங்க. அப்புறம் ஒரு பேப்பர் படிச்சா, முழுக்க செர்பென்டைன்ங்கிற கனிமமா மாறிப்போன, ஸ்பினிஃபெக்ஸ் சுத்தமா இல்லாத ஒரு பாறையையும் கோமாட்டியைட்னே எழுதியிருக்காங்க. பெரிடோடைட், பிக்ரைட், கோமாட்டியைட் மூணுமே ஒலிவைன்ங்கிற மெக்னீசியம் கனிமம் நிறைஞ்ச பாறைதானே, அப்புறம் ஏன் மூணு பேர்? இந்தப் பேர் எங்கருந்து வந்துச்சு, எப்ப யூஸ் பண்ணா சரின்னு தெரிஞ்சவங்க கொஞ்சம் விளக்குங்க, ப்ளீஸ்.

ஆழ்நிலம்:
நல்ல கேள்விம்மா. பேர் வந்த கதைய முதல்ல சொல்லிடறேன், ஏன்னா யூசேஜ் குழப்பத்துக்கு பாதி விடை அதுலயே இருக்கு.

கோமாட்டிங்கிறது ஆறு. தென்னாப்பிரிக்கா, எஸ்வாட்டினி, மொசாம்பிக் மூணு நாட்டு வழியாவும் ஓடி இந்தியப் பெருங்கடல்ல கலக்குது. அந்த ஆத்துப் பள்ளத்தாக்குல, பார்பர்டன் பக்கம் இருக்கிற பழைய கிரீன்ஸ்டோன் பெல்ட்ல (உருமாறின பழைய எரிமலைப் பாறைப் பட்டை) வேலை பாத்த ரிச்சர்ட் வில்யூன், மாரிஸ் வில்யூன்னு இரட்டைச் சகோதரர்கள் 1969ல வச்ச பேர்தான் கோமாட்டியைட். அந்தப் பாறைக்கு வயசு ஏறக்குறைய 348 கோடி வருஷம். அந்த மலைத்தொடரை 2018ல யுனெஸ்கோ உலகப் பாரம்பரியச் சின்னமா சேத்தாச்சு.

அவங்க புதுசா ஒரு பேர் வச்சதுக்கு காரணம் கெமிஸ்ட்ரி மட்டும் இல்ல. அதுக்கு முன்னாடி, இவ்ளோ மெக்னீசியம் உள்ள அல்ட்ராமாஃபிக் (சிலிக்கா ரொம்பக் கம்மியான) மேக்மா, அதாவது பாறைக் குழம்பு, திரவமா இருக்கவே முடியாது, அதுக்கு வேண்டிய சூடு பூமியில கிடைக்காதுன்னு நார்மன் போவன்ங்கிற பாறையியல் அறிஞர் பலமா வாதாடியிருந்தாரு. ஹாரி ஹெஸ் மாதிரி சிலபேர் இருக்க முடியும்னு எதிர்ப்பக்கம் நின்னாங்க. வில்யூன் சகோதரர்கள் காட்டின பாறையில தலகாணி தலகாணியா பில்லோ லாவா இருந்துச்சு, சட்டுனு குளிர்ந்த ஓரம் இருந்துச்சு. அதாவது இது அடியில ஒலிவைன் படிஞ்சு உண்டான பாறை இல்ல, தரைக்கு மேல (கடலுக்கடியிலன்னு வச்சுக்கோங்க) லாவாவா ஓடின பாறை. அதனால கோமாட்டியைட்னு எழுதினாலே "இது எரிமலைப் பாறை, இதே காம்போசிஷன்ல திரவமா வந்தது"ன்னு ரெண்டு விஷயத்தை நீங்க சேத்து சொல்றீங்க. பெரிடோடைட்டுக்கு அந்த அர்த்தம் கிடையாது, அது ஆழத்துல இருக்கிற பாறை, மேண்டில்லயே (பூமி மேலோட்டுக்குக் கீழ உள்ள அடுக்கு) பெரும்பாலும் அதுதான்.

சூடு எவ்ளோன்னு ஒரு பழைய கட்டைக் கணக்கு இருக்கு: திரவத்தோட மெக்னீசியம் ஆக்சைடு சதவீதத்தை 20ஆல பெருக்கி 1000 கூட்டுங்க, டிகிரி செல்சியஸ்ல வெப்பநிலை வந்துரும். 18னா 1360, 30னா 1600. ஹவாயில இன்னிக்கி வர்ற பசால்ட் லாவா 1200க்குள்ளதான்.

தாதுமண்:
நான் நிக்கல் எக்ஸ்ப்ளொரேஷன்ல கொஞ்ச நாள் கோர் லாகிங் (துளை போட்டு எடுத்த பாறைத் தண்டைப் பாத்துக் குறிக்கிற வேலை) பண்ணவன், ஃபீல்டுல அந்தப் பேர் எப்படி புழங்குதுன்னு சொல்றேன். மேற்கு ஆஸ்திரேலியாவுல கம்பால்டாவுல 1966ல நிக்கல் தாது கிடைச்சப்ப இந்தப் பேரே பொறக்கல, அல்ட்ராமாஃபிக்னுதான் சொன்னாங்க. இப்ப அங்க எல்லாருக்கும் அது கோமாட்டியைட்தான். கோமாட்டியைட் லாவா தண்ணி மாதிரி இளகி, கொந்தளிச்சு ஓடியிருக்கு, ஓடுற சூட்டுல கீழ இருக்கிற தரையையே உருக்கி வாய்க்கால் தோண்டியிருக்கு, அந்தத் தரையில கந்தகம் உள்ள படிவுப்பாறை இருந்தா அதையும் கரைச்சு உள்ள இழுத்திருக்கு, கந்தகம் சேந்ததும் நிக்கலும் இரும்பும் சல்ஃபைடா பிரிஞ்சு கனம் தாங்காம வாய்க்காலோட அடியில போய் தங்கிடுச்சுன்னு சொல்றாங்க. அதனால எங்களுக்கு லாவா ஓட்டத்தோட அடிப்பக்கம் எங்க இருக்குன்னு கண்டுபிடிக்கிறதுதான் முக்கியம், அதுக்கு ஸ்பினிஃபெக்ஸ் பெரிய உதவி. ஸ்பினிஃபெக்ஸ் எப்பவும் ஓட்டத்தோட மேல்பாதி, அடர்ந்த ஒலிவைன் கீழ்பாதி. கோர்ல இதைப் பாத்தாலே எது மேல எது கீழன்னு தெரிஞ்சுடும், அடுக்கே தலைகீழா மடங்கியிருந்தாலும் தெரியும்.

அந்தப் பேப்பர்ல ஸ்பினிஃபெக்ஸ் இல்லாததை ஏன் கோமாட்டியைட்னு எழுதினாங்கன்னு கேட்டீங்கல்ல, அது பெரும்பாலும் அந்த கீழ்பாதியாதான் இருக்கும். ஒரே ஓட்டத்துல மேல இருந்தா ஸ்பினிஃபெக்ஸ் வரும், கீழ இருந்தா வராது, ரெண்டும் ஒரே லாவா. கவனமா எழுதறவங்க கீழ்பாதியை கோமாட்டியைட் க்யூமுலேட்னு (படிகம் படிஞ்சு சேந்த பாறை) தனியா குறிப்பாங்க.

கூழாங்கல்:
ரொம்ப நன்றி ரெண்டு பேருக்கும். அப்ப 18 சதவீதம்ங்கிற நம்பர் தப்பா? அந்த க்யூமுலேட்ல 18க்கு மேல ஈசியா வந்துடுமே, சாதாரண பசால்ட்லயே ஒலிவைன் அடியில படிஞ்சா கூட வருமே?

ஆழ்நிலம்:
பாத்தீங்களா, விஷயத்தோட மையத்துக்கு நீங்களே வந்துட்டீங்க. நம்பர் தப்பில்ல, நம்பர் மட்டும் போதாது. ஐயுஜிஎஸ் (சர்வதேச புவியியல் அறிவியல் ஒன்றியம்) வகைப்பாடு சொல்றது இது: சிலிக்கா 30ல இருந்து 52 சதவீதத்துக்குள்ள, மெக்னீசியம் ஆக்சைடு 18க்கு மேல, சோடியம் பொட்டாசியம் ஆக்சைடு ரெண்டும் சேத்து 2க்கு கீழ, டைட்டானியம் ஆக்சைடு 1க்கு கீழ. இதுல டைட்டானியம் மட்டும் 1ஐ தாண்டினா அது மீமெச்சைட், சைபீரியாவுல மீமெச்சாங்கிற ஆத்தோட பேர். மெக்னீசியம் 12க்கு மேல 18க்குள்ள இருந்து ஆல்கலி (அந்த சோடியம், பொட்டாசியம் ஆக்சைடு கூட்டு) 3க்குள்ள இருந்தா பிக்ரைட். பரீட்சைக்கு இது கண்டிப்பா வேணும், மனப்பாடம் பண்ணிடுங்க.

ஆனா நீங்க சொன்ன மாதிரி, 10 சதவீதம் மெக்னீசியம் உள்ள பசால்ட் லாவா நிறைய ஒலிவைன் படிகத்தை சுமந்துட்டு வந்து அடியில சேத்துச்சுன்னா மொத்தப் பாறைய அரைச்சு அனாலிசிஸ் பண்ணும்போது 20, 25 கூட காட்டும். அந்தப் பாறைக்கு 1360 டிகிரி திரவம் தேவையே படல. அதைப் போய் கோமாட்டியைட்னு எழுதினா, அங்க அவ்ளோ சூடான மேண்டில் இருந்துச்சுன்னு நடக்காத கதையை சொன்னதா ஆயிடும், இதுதான் எனக்கு பெரிய வருத்தம். இதனாலதான் நிக் ஆர்ன்ட் மாதிரி கோமாட்டியைட் ஆராய்ச்சி பண்ற ஆளுங்க வெறும் நம்பரை வச்சு பேர் வைக்கிற முறைய எதிர்த்து, ஸ்பினிஃபெக்ஸும் வரையறையில வேணும்னு வலியுறுத்தினாங்க. உங்க சீனியர் அக்கா அந்தப் பக்கம். நானும் அந்தப் பக்கம்தான்.

ஸ்பினிஃபெக்ஸ் ஏன் அவ்ளோ முக்கியம்னா, அது படிகம் மிதந்து வந்து சேந்த டெக்ஸ்சர் இல்ல, திரவத்துலயே நின்ன இடத்துல வேகமா வளர்ந்தது. ஆஸ்திரேலியப் பாலைவனத்துல ஊசி ஊசியா நிக்கிற புல்லோட பேரைத்தான் அதுக்கு வச்சிருக்காங்க. கனடாவுல ஒன்டாரியோ மாகாணத்துல மன்ரோ டவுன்ஷிப்ல பைக் ஹில்னு ஒரு சின்ன மேடு, 270 கோடி வருஷப் பாறை, பனிப்பாறை சீவி விட்ட மாதிரி வழுவழுன்னு இருக்கும், அதோட படங்களைத் தேடிப் பாருங்க. ஒரு ஓட்டத்தை மேல இருந்து கீழ படிக்கலாம். மேல ஓரத்துல பலகோண விரிசல் விட்ட நுண்ணிய பாறை. அதுக்கு கீழ சின்னச் சின்ன ஒலிவைன் தகடுங்க தாறுமாறா எல்லா திசையிலயும். இன்னும் இறங்கினா அதுங்க ஒழுங்காகி, தகடு தகடா கத்தை கட்டி கீழ நோக்கி நீளுது, தகடு ஒண்ணொண்ணும் ஒரு மில்லிமீட்டர் தடிமன்தான் இருக்கும், நீளம் பல சென்டிமீட்டர், சில ஊர் பாறையில ஒரு மீட்டர் வரைக்கும் போகும். திடீர்னு அது நின்னு, கீழ உருண்டை ஒலிவைன் நெருக்கி அடைச்ச பகுதி. தாதுமண் சொன்ன கீழ்பாதி இதான்.

ஒண்ணு கவனிங்க, ஸ்பினிஃபெக்ஸ் இருந்தா மட்டும் உடனே கோமாட்டியைட்னும் எழுதிடக்கூடாது. 18க்கு கீழ உள்ள லாவாவுலயும் பைராக்சீன்ங்கிற இன்னொரு கனிமம் ஊசியா வளர்ந்து ஸ்பினிஃபெக்ஸ் வரும், அதை கோமாட்டியைட்டிக் பசால்ட்னு சொல்லுவோம்.

வடக்குவாசல்:
நடுவுல வர்றேன், மன்னிக்கணும். ஆர்க்கியன் காலம், அதாவது 250 கோடி வருஷத்துக்கு முந்தி இருந்தாதான் கோமாட்டியைட்னு சிலபேர் நினைக்கறாங்க. வயசு வரையறையிலயே கிடையாது. பெரும்பாலானது ஆர்க்கியன்ல இருக்கு, அது உண்மை, பூமி உள்ள அப்ப இன்னும் சூடா இருந்துச்சு. ஆனா கொலம்பியாவுக்கு மேற்கால பசிபிக்ல கோர்கோனா தீவுல வெறும் 9 கோடி வருஷ கோமாட்டியைட் இருக்கு, நல்ல ஸ்பினிஃபெக்ஸோட. முன்னாடி ஜெயில் தீவு, இப்ப தேசியப் பூங்கா. அதோட திரவம் பார்பர்டன் அளவுக்கு மெக்னீசியம் உள்ளது இல்ல, பூமி ஆறிட்டு வந்ததுக்கு அதையே சாட்சியா வைக்கறவங்க உண்டு.

நம்ம பக்கத்துலயே பாக்கணும்னா கர்நாடகா போங்க. தார்வார் கிரேட்டான்ல (ரொம்பப் பழைய, அசையாத நிலத்தட்டுப் பகுதி) சார்கூர் குரூப்ங்கிற பாறைத் தொகுதியில கட்டிஹொசஹள்ளி, பாணசந்திரா, கல்யாடி பக்கம் ஸ்பினிஃபெக்ஸ் உள்ள கோமாட்டியைட் ரிப்போர்ட் ஆகியிருக்கு. டிபார்ட்மென்ட்ல ஃபீல்டு ட்ரிப் சித்ரதுர்கா பக்கம் போட்டா சார்கிட்ட கேட்டு ஒரு நாள் சேத்துக்குங்க.

கூழாங்கல்:
சூப்பர், சார்கிட்ட கேக்கறேன். கடைசியா ஒண்ணு. லேப்ல எனக்கு குடுத்த தின் செக்ஷன்ல (மைக்ரோஸ்கோப்ல பாக்க மெல்லிசா சீவின பாறைத் துண்டு) ஒலிவைன் ஒண்ணு கூட மிச்சம் இல்ல, செர்பென்டைன், ட்ரெமோலைட், க்ளோரைட் மட்டும்தான், ஆனா நீள நீளத் தகடு வடிவம் தெளிவா தெரியுது. ரெக்கார்டுல என்ன பேர் எழுதறது?

ஆழ்நிலம்:
அந்தக் காலத்து கோமாட்டியைட்ல ஒலிவைன் முழுசா மிஞ்சினது ரொம்பக் கம்மி, ஜிம்பாப்வேல பெலிங்வே மாதிரி சில இடத்துலதான் நல்லா இருக்கு. மத்ததெல்லாம் உருமாறினதுதான், மெட்டாங்கிற முன்னொட்டைப் போடாம விடறது எல்லாரும் ஒத்துக்கிட்ட வழக்கம். நீங்க முதல்ல பாத்ததை எழுதுங்க: "ஒலிவைன் ஸ்பினிஃபெக்ஸ் வடிவம் எஞ்சியுள்ளது, கனிமங்கள் செர்பென்டைன், ட்ரெமோலைட், க்ளோரைட்." அப்புறம் கோமாட்டியைட்னு எழுதி, அனாலிசிஸ் இருந்தா மெக்னீசியம் ஆக்சைடு எவ்ளோன்னு பக்கத்துலயே போட்டுடுங்க. அனாலிசிஸ் இல்லன்னா தகடோட குறுக்குவெட்டைப் பெருசாக்கிப் பாருங்க, பைராக்சீன் ஊசியா இருந்ததா ஒலிவைன் தகடா இருந்ததான்னு உறுதி பண்ணிட்டு எழுதுங்க.

தாதுமண்:
ஸ்லைடு எந்த இடத்துலருந்து வெட்டினதுன்னும் லேப் ரெஜிஸ்டர்ல பாத்து குறிச்சு வைங்க. ஓட்டத்தோட மேல்பாதியா கீழ்பாதியான்னு தெரியாம ஒரு ஸ்லைடை மட்டும் வச்சு பேசினா நாளைக்கு வைவால அதைத்தான் முதல்ல கேப்பாங்க.