ஷெட்டு நம்முது, குஞ்சு அவங்களுது

கம்பெனிக்குக் கறிக்கோழி வளர்க்கறதைப் பத்தி மூணு ஊர்க்காரங்க பேசிக்கறது:

பல்லடம் பக்கம்:
எங்க தோட்டம் 4 ஏக்கர். கிணறு வத்தி, போர்லயும் தண்ணி கம்மியானதும் அய்யன் பேங்க் கடன் வாங்கி 5,000 கறிக்கோழிக்கு ஷெட்டு போட்டாருங்க. குஞ்சு, தீவனம், மருந்து கம்பெனியோடது. இடம், கரண்டு, தண்ணி, தரையில பரப்புற தேங்காய் மஞ்சி, உழைப்பு நம்மோடது. 40, 45 நாள்ல 2 கிலோ வந்ததும் லாரி வந்து பிடிச்சுட்டுப் போயிரும். அப்ப வளர்ப்புக் கூலி கிலோவுக்கு 6 ரூபாய் 50 காசு. ஒண்ணுகூட சாகாம வளர்த்தாலும் ஒரு பேட்ச்சுக்கு 65,000. கரண்டு பில்லு, ஆள் கூலி, கடன் தவணை எல்லாம் அதுக்குள்ளதான்.

2019 சித்திரையில, 38-ஆம் நாள், மத்தியானம் கரண்டு போச்சு. கூரை மேல தண்ணி அடிக்க மோட்டார் ஓடல. கோழியெல்லாம் வாயைப் பொளந்து, றெக்கையை விரிச்சு நிக்குது. ஷெட்டு பூரா மூச்சு வாங்குற சத்தம் மட்டுந்தான். நானும் அம்மாவும் சாக்கு நனைச்சு வலையில கட்டினோம். அய்யன் உள்ளேயே நடந்து நடந்து கோழியை எழுப்பி விட்டுட்டே இருந்தாரு. ஒரே இடத்துல அடைஞ்சா மொத்தமா போயிரும். சாயந்தரத்துக்குள்ள 412 செத்துது. ஒவ்வொண்ணா எண்ணிக் குழியில போட்டாரு, கம்பெனி கொடுத்த கணக்குக் கார்டுல எழுதணுமே.

மறுநாள் கம்பெனி சூப்பர்வைசர் கார்டைப் பார்த்துட்டு "பராமரிப்பு சரியில்லீங்க"ன்னு எழுதிட்டாரு. கூலியில பிடித்தம். கையெழுத்துப் போடறப்ப அய்யன் கையில சாக்குக் கயிறு அறுத்த காயம் இருந்துச்சு. எனக்கு இன்னும் ஆறல.

உடுமலை பக்கம்:
எங்க மாமா சொந்தமா குஞ்சு வாங்கி வளர்த்த காலத்துல விலை விழுந்து ஒரே பேட்ச்ல நகையெல்லாம் அடகுக்குப் போச்சு. அதனால கம்பெனி வந்தப்ப நிம்மதியாத்தான் இருந்துச்சு, அதை மறைக்கக் கூடாது. ஆனா கூலி ஏத்தச் சொல்லி நாங்க கேட்டதுக்கப்புறம் 70 நாள் குஞ்சே வரல. காலி ஷெட்டுக்கும் வட்டி ஓடுதே! இப்ப பெரிய விசிறி வெச்ச அடைப்பு ஷெட்டுக்காரங்களுக்குத்தான் முதல் குஞ்சு. அதைப் போட நமக்கு யாருங்க கடன் கொடுப்பா?

திருச்செங்கோடு பக்கம்:
பல்லடம் அண்ணா, உங்க அய்யன்கிட்ட கம்பெனியோட போட்ட ஒப்பந்த நகல் இருக்குதுங்களா? 2019-ல தமிழ்நாட்டுல வந்த ஒப்பந்தப் பண்ணைச் சட்டத்துல கால்நடையும் சேருதுங்க. நகல் கையில இருந்தாத்தான் எதையும் கேட்க முடியும்.

பல்லடம் பக்கம்:
இல்லீங்க. கையெழுத்து வாங்கிட்டுப் போனாங்க, கூடவே தொகை எழுதாத செக்கு 2. நாளைக்கு அய்யனைக் கூட்டிட்டுப் போய்க் கேட்கறேன்.