50,000 அடி சேர்த்தவர் எடுபிடியா?

கத்திரி:
இங்கே ஒருவர் நேற்று எழுதியிருந்தார்: "ஆவணப்படத்தில் ஆர்க்கைவ் ஆள் என்பவர் பழைய ரீலைத் தேடித் தருகிற எடுபிடி. படம் பிறப்பது எடிட்டிங் மேசையில்." சரி, அப்படியானால் ஏ.கே. செட்டியார் யார்? காந்தி பற்றிய ஆவணப்படத்துக்காகக் கண்டம் கண்டமாக அலைந்து, 30 வருடங்களில் நூறு பேர் எடுத்த சுருள்களிலிருந்து 50,000 அடி திரட்டினாரே, அவரும் எடுபிடியா?

மேசைக்காரன்:
அந்த "ஒருவர்" நான்தான். பெயர் சொல்லியே திட்டலாம். 1940இல் வெளிவந்த படம் 12,000 அடி. மிச்சம் 38,000 அடியை ஒதுக்கியதில்தான் படமே இருக்கிறது. 50,000 அடியையும் ஓட்டினால் ஒன்பது மணி நேரத்துக்கு மேல். நீங்கள் உட்கார்ந்து பார்ப்பீர்களா?

கத்திரி:
பார்ப்பேன். சேர்க்காமல் எதை வெட்டுவீர்கள், காற்றையா? 50,000 அடி ஐயா! கூகுள் இல்லாத காலம், கப்பல் பயணம், பொறி பட்டால் பற்றிக்கொள்ளும் நைட்ரேட் ஃபிலிம்.

ரீல்பெட்டி:
சேர்த்தவரும் அவரே, இயக்கியவரும் அவரே. இதில் என்ன சண்டை? அந்தப் படத்தில் டி.கே. பட்டம்மாள் பாடியிருக்கிறார். அதைப் பற்றி ஒருவரும் பேசக் காணோம்.

மேசைக்காரன்:
பாட்டை இப்போது யார் கேட்டார்கள்? மௌனப்பட காலத்துச் சுருள்கள் பெரும்பாலும் நொடிக்கு 16 சட்டம் (ஃபிரேம்) என்ற கணக்கில் எடுத்தவை. பேசும்பட வேகமான 24இல் ஓட்டினால் காந்தி பஸ்ஸைப் பிடிக்க ஓடுகிற மாதிரி இருக்கும். அதைச் சரிசெய்வது யார்? மேசை. திரும்பவும் சொல்கிறேன், 12,000.

கத்திரி:
திரும்பவும் சொல்கிறேன், 50,000. நான் ஆர்க்கைவ் வேலை பார்த்த ஒரு படத்தில் எடிட்டர் ஒரு ஷாட்டை "1930, உப்பு யாத்திரை" என்று ஒட்டிவைத்திருந்தார். பின்னால் இருந்த சுவரில் இந்தியப் பேசும்படத்துக்கு விளம்பரம்! இந்தியாவில் எடுத்த முதல் பேசும்படம் வந்ததே 1931இல். நான் பார்த்துச் சொல்லாவிட்டால் மானம் போயிருக்கும். உரிமை யாரிடம், நொடிக்கு எவ்வளவு கட்டணம், வாட்டர்மார்க் இல்லாத பிரதி எங்கே என்று ஆறு மாதம் மெயில் போட்டதும் நான். டைட்டிலில் என் பெயர் எங்கே வந்தது தெரியுமா? சாப்பாடு சப்ளைக்குக் கீழே.

மேசைக்காரன்:
ஓ, கோபம் செட்டியாருக்காக இல்லை, சாப்பாட்டுக்காரருக்குக் கீழே போட்டதற்கா? அந்த எடிட்டர் நான்தான் என்று ஜாடை பேசுகிறீர்களா?

கத்திரி:
தொப்பி பொருந்தினால் போட்டுக்கொள்ளுங்கள்.

ரீல்பெட்டி:
பட்டம்மாள்...

கத்திரி:
ரீல்பெட்டி, கொஞ்சம் சும்மா இருங்கள். மேசைக்காரரே, செட்டியார் நடத்திய 'குமரி மலர்' பழைய இதழ்கள் ஐந்து என்னிடம் வாங்கிப் போனீர்களே, எங்கே? எடுபிடி தேடிப்பிடித்த இதழ்கள்தான் அவை.

மேசைக்காரன்:
நான்கு.

கத்திரி:
ஐந்து. அங்கேயும் வெட்டிவிட்டீர்களா?