செஸ்டர் காங்க்ளின்: ஊமைப் படத்திலிருந்து பேசும் படம் வரை, பிள்ளைகளுக்கு எதைப் போட்டுக் காட்டலாம்?

ஆயர் ஈத்தாம் டீச்சர்:
வணக்கம். பினாங்கில் எங்கள் தமிழ்ப்பள்ளியின் புறப்பாட நேரத்தில் ஆறாம் ஆண்டு பிள்ளைகளுக்கு ஒன்றரை மணி நேரம் கிடைக்கிறது. சாப்ளினை எல்லாருக்கும் தெரியும். அவர் பக்கத்தில் நின்று நடித்த ஒருவரை எடுத்துக்கொண்டு, பேசும் படம் வந்தபின் துணை நடிகருக்கு என்ன ஆனது என்று காட்ட ஆசை. வால்ரஸ் மீசைக்காரர் செஸ்டர் காங்க்ளினை நினைத்திருக்கிறேன். எந்தப் படங்கள், எந்த வரிசையில் போடலாம்? குரல் எடுபடாமல்தான் பின்னுக்குப் போனாரா? கையில் இருக்கும் பழைய படக் கோப்பு தலைதெறிக்க ஓடுகிறது, அதற்கும் ஒரு வழி சொல்லுங்கள்.

ரீல்பெட்டி:
நல்ல தேர்வு, டீச்சர். காங்க்ளின் பிறந்தது 1886, மறைந்தது 1971. கடைசிப் படம் 1966இல். அரை நூற்றாண்டுக்கு மேல் திரையில் இருந்தவருக்குக் குரல் தடையாக இருந்தது என்று சொல்வதற்கில்லை. குறைந்தது அவருக்குத் திரையில் கிடைத்த இடம்தான். மூன்று துண்டுகளை அடுத்தடுத்துப் போட்டால் பிள்ளைகளே கண்டுபிடித்துவிடுவார்கள்.

முதலில் 1914இல் கீஸ்டோன் படக் கம்பெனி எடுத்த 'டோ அண்ட் டைனமைட்'. சாப்ளினும் காங்க்ளினும் அடுமனையில் மாவை அள்ளி அடித்துக்கொள்ளும் படம். இங்கே அவர் சாப்ளினுக்குச் சரிசமமான எதிராளி.

அடுத்து 1936இன் 'மாடர்ன் டைம்ஸ்'. மூடிய தொழிற்சாலை மறுபடி திறந்ததும் வரும் காட்சி. காங்க்ளின் மெக்கானிக், சாப்ளின் அவருக்கு உதவியாள். மெக்கானிக் இயந்திரத்துக்குள் மாட்டிக்கொள்வார், தலை மட்டும் வெளியே நீட்டிக்கொண்டிருக்கும். அந்த நேரம் பார்த்துச் சாப்பாட்டுச் சங்கு ஊதி இயந்திரம் நின்றுவிடும். அந்தத் தலைக்குத்தான் சாப்ளின் சாப்பாடு ஊட்டுவார். முழுக் கோழியைப் புனல் மாதிரி பிடித்து வாயில் காபி ஊற்றுவார். கையும் காலும் இல்லாமல் முகத்தை மட்டும் வைத்து நடிப்பது எவ்வளவு கடினம்! அந்த மீசையும் கண்ணும் படும் பாட்டை நிறுத்தி நிறுத்திக் காட்டுங்கள்.

மூன்றாவது, 1940இன் 'தி கிரேட் டிக்டேட்டர்'. பிராம்ஸின் ஐந்தாம் ஹங்கேரிய நடனத்துக்கு ஏற்பச் சாப்ளின் சவரம் செய்கிறாரே, அந்த வாடிக்கையாளர் இவர்தான். சாப்ளினின் முதல் முழுப் பேசும் படம் அது. சவரம் முழுக்க இசையிலேயே நடக்கிறது, நாற்காலியில் சாய்ந்திருப்பவர் பேசுவதற்கு ஒன்றுமில்லை.

புக்கிட் மெர்தாஜம்:
பெயர்க் குழப்பம் இரண்டு உண்டு, கவனம். ஹைனி காங்க்ளின் என்பவர் வேறு ஆள், உறவும் கிடையாது. அவரும் கீஸ்டோன் ஆள், அவருக்கும் மீசை, 'மாடர்ன் டைம்ஸ்' தொழிற்சாலையிலும் இருக்கிறார். இணையப் பட்டியல்களில் ஒருவர் படம் இன்னொருவர் கணக்கில் ஏறிவிடும்.

இன்னொன்று, 'டில்லீஸ் பங்க்சர்ட் ரொமான்ஸ்' என்ற பெயரில் 1914இல் ஒன்று, 1928இல் ஒன்று. இரண்டிலும் செஸ்டர் இருக்கிறார், கதை மட்டும் வேறு. 1928 படம் நகைச்சுவை நடிகர் டபிள்யூ. சி. ஃபீல்ட்ஸோடு அவர் ஜோடி சேர்ந்த மூன்றில் ஒன்று. மூன்றுமே இன்று கிடைப்பதில்லை. தலைப்பில் பெயர் பெரிதாக வந்த காலம் அதுதான் என்பதால் இந்த இழப்பு மனதை உறுத்துகிறது. அதன்பின் பல படங்களில் பெயர் போடாத சிறு வேடங்கள்தான்.

ரீல்பெட்டி:
வேக விஷயத்துக்கு வருகிறேன். 35 மி.மீ. பிலிமில் ஓர் அடிக்கு 16 கட்டம் (ஃபிரேம்). ஒரு சுருள் சுமார் 1,000 அடி. நொடிக்கு 16 கட்டம் ஓட்டினால் 16 நிமிடம் 40 நொடி ஆகும். பேசும் பட வேகமான 24இல் 11 நிமிடம் சொச்சத்தில் முடிந்துவிடும். 'டோ அண்ட் டைனமைட்' இரண்டு சுருள் படம். உங்கள் கோப்பு 22 நிமிடத்தை ஒட்டி முடிந்தால் 24இல் ஏற்றியது என்று பொருள். விஎல்சி என்ற வீடியோ ஓட்டும் மென்பொருளில் வேகத்தை 0.75 வையுங்கள், 18 கட்டத்துக்கு இறங்கும், நடை இயல்பாகிவிடும். பின்னால் ஒட்டிய பியானோ இழுபடும், ஒலியை அடைத்துவிட்டு வேறு இசை போடுங்கள். 30 நிமிடத்துக்கு மேல் ஓடினால் ஏற்கெனவே சரிசெய்த பிரதி, கை வைக்காதீர்கள்.

'மாடர்ன் டைம்ஸ்' படத்தை மட்டும் மெதுவாக்கவே கூடாது. குறைந்த வேகத்தில் எடுத்து 24இல் ஓட்டுவதற்கென்றே செய்த படம் அது; அந்தப் பரபரப்பு வேண்டுமென்றே வைத்தது. இசையும் அந்த வேகத்துக்குத்தான் கட்டியது.

பட்டர்வொர்த் வாசகன்:
படத்தின் இடது ஓரத்தையும் பாருங்கள் டீச்சர். பேசும் படச் சுருளில் ஒலித்தடம் இடப்பக்கம் ஓடும். ஊமைப் படத்தை அந்த அளவுக்கு மறுபதிப்பு எடுக்கும்போது இடது விளிம்பு வெட்டுப்படும். நாயகன் நடுவில் பத்திரமாக இருப்பார், ஓரத்தில் நிற்கும் துணை நடிகருக்குத்தான் பாதி முகம் போகும். தலைப்பு அட்டையில் எழுத்து இடப்பக்கம் ஒட்டிக்கொண்டோ முதல் எழுத்து அறுபட்டோ இருந்தால் அது வெட்டுப்பட்ட பிரதி, வேறு தேடுங்கள். வகுப்பறைத் திரையை 4:3 அகல-உயர விகிதத்தில் வையுங்கள். அகலமாக இழுத்தால் எல்லாரும் குண்டாகிவிடுவார்கள்.

ஆயர் ஈத்தாம் டீச்சர்:
ரொம்ப நன்றி. தமிழில் இதே மாதிரி ஒருவரைக் காட்ட முடியாதா?

புக்கிட் மெர்தாஜம்:
கஷ்டம்தான். ஊமைப் படத்தில் நடித்துப் பிறகு தமிழ்ப் பேசும் படங்களை இயக்கிய ராஜா சாண்டோவைப் பேச்சில் சொல்லலாம். ஆனால் ஊமைப் படப் பிரதிக்கு எங்கே போவது? தென்னிந்திய ஊமைப் படங்களில் 'மார்த்தாண்ட வர்மா' பிரதி புனே ஆவணக் காப்பகத்தில் இருக்கிறது, அது மலையாளக் கதை. நம் மாற்றமும் வேறு மாதிரி. 1931இல் 'காளிதாஸ்' வந்தபின் மைக்குக்கு முன்னால் நேரடியாகப் பாடி நடிக்க வேண்டியிருந்தது. அதனால் நாடகக் கம்பெனிகளில் பாடிப் பழகியவர்கள் உள்ளே வந்தார்கள், பாடத் தெரியாத ஊமைப் பட நடிகருக்கு இடம் சுருங்கியது. இதைப் பத்து நிமிடம் வாயால் சொல்லிவிட்டு, சவரக் காட்சியைக் கடைசியாகப் போடுங்கள்.