புதுப்பிப்பு: 350 பேர் 140 ஆனது

கலியாணச் செலவை நினைத்து நித்திரையே வருவதில்லை என்று போன மாதம் புலம்பியிருந்தேன். 350 பேர், கொழும்பு வெள்ளவத்தையில் மண்டபம், கையில் பாதிக் காசு. இப்போது கொஞ்சம் பரவாயில்லை.

பட்டியலைக் குசினி மேசையில் வைத்து அம்மாவும் நானும் வெட்டினோம். பெயருக்கொரு சண்டை. "உன்ர சாமத்தியவீட்டுக்கு (பூப்புனித விழாவுக்கு) அவை வந்தவையெல்லோ" என்றே அம்மா பாதிப் பேரைக் காப்பாற்றிவிட்டார். கடைசியில் 140. கோயில் மண்டபம், பகல் முகூர்த்தம், வாழையிலைச் சாப்பாடு. இரவு வரவேற்பு இல்லை.

நகைக்கடைகள் நிறைந்த செட்டியார் தெருவில் தாலிக்கொடி விலை கேட்டுத் தலை சுற்றியது. அம்மம்மா தன் சங்கிலியைக் கழற்றி, "இதை உருக்குங்கோ" என்றார். கூறைச் சேலையில் மட்டும் நான் விட்டுக்கொடுக்கவில்லை, சரிதானே?

அப்புறம், இரவு 9 மணிக்குப் பிறகு கலியாணக் கதை கிடையாது என்று நானும் என்னைக் கட்டப்போகிறவரும் முடிவெடுத்தோம். நேற்று காலி முகத்திடலில் இறால் வடையோடு சும்மா இருந்தோம். பட்டியலில் விடுபட்ட மாமி இன்னும் கதைக்கவில்லை.