நொய்யல் விவசாயிகள் எதை வைத்து வென்றார்கள்?

கேள்வி:
வணக்கம். சில மாதங்களாக எங்கள் ஊர்க் கிணறுகளில் சாயக்கழிவு இறங்குகிறது. புகாரின்பேரில் வந்து பார்த்தவர்கள், ஓடைநீர் நிறமின்றித் தெளிவாக இருப்பதால் அது சுத்திகரித்த நீர்தான் என்று சொல்லிச் சென்றார்கள். ஆனால் அது பாய்ந்த வயல் காய்ந்ததும் வரப்போரம் வெள்ளையாக உப்புப் பூக்கிறது. நாங்கள் எங்கே தொடங்குவது?

பதில் 1:
அந்த உப்பிலிருந்தே தொடங்குங்கள். பருத்தித் துணியில் சாயம் பிடிக்க உப்பை நிறையச் சேர்ப்பார்கள். சுண்ணாம்பு போன்றவற்றை இட்டு நிறத்தைப் படிய வைத்துவிடலாம், கரைந்த உப்போ நீரோடு போய்விடும். பொதுச் சுத்திகரிப்பு நிலையங்கள் வந்த பிறகும் திருப்பூர் வழியே ஓடும் நொய்யல் ஆறு மீளாததற்கு இதுவே முக்கியக் காரணம். பாசனத்துக்கென்று 1992இல் கட்டி முடித்த ஒரத்துப்பாளையம் அணை திருப்பூர்க் கழிவு தேங்கும் தொட்டியாகிப்போக, அதில் தண்ணீரைத் தேக்காதீர்கள் என்று விவசாயிகளே மன்றாடினார்கள். ஆயக்கட்டுதாரர் (பாசன நிலக்காரர்) சங்கத்தின் வழக்கில் சென்னை உயர் நீதிமன்றம் 2006இல் கழிவுக்கு லிட்டர் கணக்கில் அபராதம் விதித்தது. 2009இல் உச்ச நீதிமன்றமும் விவசாயிகள் பக்கமே நின்றது. அப்படியும் கழிவு நிற்காததால், 2011 ஜனவரியில் சாயப்பட்டறைகளை மூட உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. ஆகவே நிறத்தைப் பற்றி வாதாடாமல், நீரில் கரைந்துள்ள உப்பின் அளவை, அதாவது டிடிஎஸ்ஸை, அளக்கச் சொல்லுங்கள். வெளியேற்றும் நீருக்கு லிட்டருக்கு 2,100 மில்லிகிராம் என்பது வரம்பு.

பதில் 2:
எங்கள் தோட்டம் ஆற்றின் கீழ்ப்பகுதியில் இருக்கிறது. நீர் கெட்டுவிட்டதை முதலில் காட்டிக்கொடுத்தவை மாடுகள். தொட்டியில் வாய் வைத்ததும் முகத்தைத் திருப்பிக்கொள்ளும். பிறகு தேங்காய் சிறுத்தது. வென்றார்கள் என்று சொல்லும்போது ஒன்றை மறக்க வேண்டாம். 68 கிராமங்களில் 28,596 விவசாயிகளுக்கு நிர்ணயிக்கப்பட்ட இழப்பீடு சுமார் 24.8 கோடி ரூபாய். சராசரியாக ஒருவருக்கு 9,000 ரூபாய்கூட வரவில்லை. உப்பேறிய மண்ணை மீட்க அது எந்த மூலைக்கு?

பதில் 3:
பட்டறைகள் மூடப்பட்டபோது அங்கு வேலை செய்தவர்களும் கூலியிழந்தார்கள். அதனால் மூடுவதை மட்டும் கேட்காமல், உப்பையும் நீரையும் பிரித்து, நீரை மறுபடி பட்டறைக்கே அனுப்பும் முறையைக் கேளுங்கள். சுற்றுச்சூழல் வழக்குகளை விசாரிக்கும் தேசியப் பசுமைத் தீர்ப்பாயத்தில் இழப்பீட்டு மனுவை, காரணம் எழுந்த நாளிலிருந்து 5 ஆண்டுகளுக்குள் கொடுத்தாக வேண்டும். கிணறு வாரியாக, தேதியிட்டு, இந்த வாரமே அளக்கத் தொடங்குங்கள்.