இரும்பு ஃபிரேமுக்கு அயனிப் பலகை: நாமே இழைத்துப் போடலாமா?

கேள்வி (தக்கலை)
மாடிப்படிக்கு இரும்பு ஃபிரேம் வெல்டிங் முடிந்துவிட்டது. 14 படி, 3 அடி நீளம், 11 அங்குல அகலம், இரண்டு பக்கமும் எல் ஆங்கிள். விளையில் (தோட்டத்தில்) நின்ற அயனி (ஆஞ்சிலி) மரத்தை வெட்டி, மில்லில் அறுத்து அடுக்கி 4 மாதம் ஆகிறது. எவ்வளவு கனம் வேண்டும்? இப்போதே போடலாமா? ரப்பர் மரத்தடி மலிவு என்கிறார்களே, ஆகுமா?

பதில் (மார்த்தாண்டம்)
நடுவில் தாங்கல் இல்லாத 3 அடிக்கு, இழைத்து முடித்த கனம் ஒன்றரை அங்குலம் வேண்டும். அறுப்பு ஒன்றேமுக்கால். கழிவோடு 7 கன அடி பிடிக்கும்.

4 மாதம் பத்தாது அண்ணாச்சி. நிழலில் காய, அங்குலக் கனத்துக்கு ஒரு வருஷம் என்பது பொதுக்கணக்கு. நமக்கோ இரண்டு மழை. ஒரு பலகையை மாதம் இருமுறை எடை போட்டு அதன்மேலேயே எழுதுங்கள். வெயில் காலத்திலும் எடை இறங்காமல் நின்றால் காய்ந்தது. மழைக்காலத்தில் எடை நின்றால் அதை நம்பாதீர்கள். பலகைகளுக்கு இடையே ஒரு அங்குல ரீப்பர் (மரச்சட்டம்), ஒன்றுக்கு நேர்மேலே ஒன்றாக. வெட்டுமுனைகளில் பெயிண்ட் அடிக்காவிட்டால் அங்கிருந்துதான் வெடிக்கும்.

மருந்து ஏற்றாத ரப்பரில் பூஞ்சையும் துளைப்பூச்சியும் சீக்கிரம் வந்துவிடும். வேண்டாம்.

பதில் (குளச்சல்)
வைரப்பக்கம் (மரத்தின் நடுவைப் பார்த்த பக்கம்) மேலே வரட்டும். பலகை வளைந்தாலும் நடுதான் லேசாக உயரும், ஓரம் தூக்கிக் காலைத் தட்டாது. 11 அங்குல அகலம் ஈரத்துக்கும் வெயிலுக்கும் 2, 3 மி.மீ. கூடிக் குறையும். அதனால் ஆங்கிளில் முன் ஓட்டை உருண்டையாகவும், பின் ஓட்டை முன்பின் வாக்கில் நீளமாகவும் இருக்கணும். எல்லாவற்றையும் இறுக்கினால் நடுவில் கீறும்.

கடல்காற்றுக்கு எஸ்.எஸ். (துருப்பிடிக்காத எஃகு) திருகாணியே நிற்கும். அடியிலிருந்து முடுக்க ஒன்றேகால் அங்குல நீளம், வாஷரோடு. முதலில் துளை போட்டு, அதே அளவு இரும்புத் திருகாணியை ஏற்றி இறக்கிவிட்டு எஸ்.எஸ். போடுங்கள். நேராக முடுக்கினால் தலை முறிந்து உள்ளேயே மாட்டிக்கொள்ளும்.

பதில் (நாகர்கோவில்)
இழைக்கும் முன் டேப் பிடியுங்கள். பலகைக் கனத்தை வெல்டர் கணக்கில் எடுக்காவிட்டால் முதல் படி ஏறும் உயரம் ஒன்றரை அங்குலம் கூடி, கடைசியில் மாடிக்கு ஏறும் உயரம் அதே அளவு குறையும். ஏறுகிறவர் தடுக்குவது அங்கேதான்.

கேள்வி (தக்கலை)
பாலிஷ்?

பதில் (குளச்சல்)
80, 120, 180 நம்பர் உப்புத்தாளோடு நிறுத்துங்கள். முன் ஓரத்தை உருட்டிவிட்டு, மேட் (பளபளப்பில்லாத) பி.யூ. (பாலியூரிதேன்) பாலிஷ் மூன்று கோட். அடிப்பக்கத்தையும் முனைகளையும் மாட்டுவதற்கு முன்பே அடித்துவிடணும். மேலே மட்டும் அடித்தால் அடியில் ஈரம் ஏறிப் பலகை வளையும். பளபளக்கும் கிளாஸ் பாலிஷ் வேண்டாம், ஈரக்காலுக்கு வழுக்கும்.